கட் சொல்லாத மழை

வெள்ளையாபுரத்தில் எல்லாத் தெருவிலும் வெயில் அடிக்கும், வடக்குப் பட்டறைத் தெருவில் மட்டும் மழை பெய்யும். ஏன் அப்படி என்று வெளியூர்க்காரர் யாராவது கேட்டால், பஸ் ஸ்டாண்டுக் கடையில் வடை அரித்துக்கொண்டிருப்பவர் சட்டியிலிருந்து கண்ணை எடுக்காமல், "சினிமாக்காரங்க விட்டுட்டுப் போன மழை அது" என்பார், யாரோ ஒரு குடையை மறந்து வைத்துவிட்டுப் போனதைச் சொல்வதுபோல. அது கரிசல்காட்டு ஊர். ஐப்பசியில் மேகம் வரும், ஊரைப் பார்க்கும், வேலிக்காத்தான் மரங்களுக்கு மேலாக அப்படியே கிழக்கே போய்விடும். அப்படிப்பட்ட ஊருக்குள் தண்ணீர் லாரிகளும் குழாய்களும் வந்து, ஒரு சாயங்காலம் முழுக்கப் பொய்மழை பெய்து, லாரிகள் போய், குழாய்களைச் சுருட்டிக் கட்டிய ஆட்களும் போய், தெருவில் வந்து நின்ற அழுகையும் போன பிறகு, மழை மட்டும் போகவில்லை.

அந்த மழைக்குச் சொந்தக்காரன் கோமதிநாயகம் என்கிற டைரக்டர்.

நாயகத்தின் அப்பா சங்கரன்கோவிலில் கல்யாணப் பந்தல் போடுகிற காண்டிராக்டர். மாலையில் வெறும் பொட்டலாகக் கிடந்த இடத்தில் விடியும்போது தூணும் வளைவும் மயில் கழுத்து நிறத் துணியுமாக ஒரு மாளிகை நிற்பதையும், மறுநாள் மத்தியானப் பந்தி முடிந்ததும் அந்த மாளிகை இருந்த இடத்தில் மூங்கில் நட்ட குழிகள் மட்டும் இருப்பதையும் பார்த்து வளர்ந்தவன் அவன். போடும்போது கூடவே நிற்பான், பிரிக்கும்போது எங்காவது ஓடிப்போவான். "போடுறதுக்கு ஊரே வரும்ல, பிரிக்கத்தான் ஆளு நிக்கணும்" என்று அவன் அப்பா கத்துவார். கயிற்று முடிச்சுகளை அரிவாளால் அறுக்க அவர் யாரையும் விட்டதில்லை. ஒவ்வொன்றாக, நகம் வலிக்க, அவிழ்க்க வேண்டும்.

அவனுக்கு வரைய வந்தது. வரைந்து வரைந்து வடக்கே ஒரு டிசைன் கல்லூரியில் இடம் வாங்கினான். அங்கே நாற்காலி செய்யச் சொல்லிக்கொடுத்தார்கள். மற்ற பிள்ளைகள் நாற்காலி முடித்து, விளக்கு முடித்து, பொம்மைக்குப் போய்விட்ட பிறகும் அவன் தன் நாற்காலியின் காலையே உப்புத்தாள் வைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தான். இன்னும் கொஞ்சம் தேய்த்தால் மரத்துக்குள்ளே இருக்கிற கோடு வெளியே வந்துவிடும் என்று அவனுக்குத் தோன்றிக்கொண்டே இருந்தது. துணிப் பிரிவில் படித்த பாளையங்கோட்டைப் பெண் ஒருத்தி, அந்தக் கல்லூரியில் அவனைத் தவிர தமிழ் பேசுகிற ஒரே ஆள், ஒரு நாள் பட்டறைக்குள் வந்து, கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்று, அவன் கையிலிருந்த உப்புத்தாளைப் பிடுங்கித் தன் பைக்குள் போட்டுக்கொண்டாள்.

"ஏல, போதும். இனியும் தேய்ச்சா காத்துலதான் உக்காரணும்."

அவள்தான் பியூலா. அந்த நாற்காலியின் கால்கள் கொக்கின் கால்கள் மாதிரி இருந்தன. சாயாமல் உட்கார்ந்தால் ஆளைத் தாங்கும்.

பிறகு அவன் போன வழியெல்லாம் அவள் அந்த ஒரு சொல்லை எடுத்துக்கொண்டு கூடவே வந்தாள். சென்னையில் வடபழனிப் பக்கம் ஒரு மாடி அறையில் இருந்துகொண்டு மற்றவர்கள் படத்துக்குப் போஸ்டர் எழுத்து வரைந்தபோது, ஓர் எழுத்தின் சுழிக்கு இருபது சுழி போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தவனிடம் போதும் என்றாள். ஆர்ட் டைரக்டருக்கு உதவியாளனாகி, பிறகு தானே ஆர்ட் டைரக்டராகி, பிளைவுட்டிலும் சாந்திலும் கோயிலும் ஜெயிலும் கட்டி, கேமரா பார்க்கப்போகாத பின்பக்கச் சுவருக்கும் பாசி ஏற்றிக்கொண்டிருந்தவனிடம் போதும் என்றாள். சோப்பு விளம்பரம் எடுத்தபோது நுரை சரியில்லை என்று விளம்பரப் பெண்ணை மத்தியானம் வரை குளிக்கவைத்தவனிடம், "அந்தப் பிள்ளைக்குச் சளி பிடிச்சா நீயால மூக்குச் சிந்திவிடுவ? போதும்" என்றாள். அவளைக் கல்யாணம் செய்துகொண்டதே, தனக்கு எங்கே நிற்பது என்று தெரியாததால்தான் என்று நாயகம் நண்பர்களிடம் சொல்லிச் சிரிப்பான். அவளும் சிரிப்பாள்.

அப்படித்தான் முதல் படம் வந்தது. அதில் ஒரு பெண் மழையில் வீட்டை விட்டுப் போக வேண்டும். முகம் தெரியக் கூடாது, மஞ்சள் குடை ஒன்று மட்டும் ஒரு தெரு நீளத்துக்குப் போக வேண்டும். பொய்மழை பெய்யவைக்க வேண்டுமானால் நிஜமழை வந்து கெடுக்காத ஊர் வேண்டும் என்று தேடித்தான் வெள்ளையாபுரத்தைப் பிடித்தார்கள். தெரு அவனுக்குப் பிடித்திருந்தது, ஆனால் அதன் கோடியில் சுவர் இடிந்த வறண்ட கிணறு ஒன்று வாயைத் திறந்துகொண்டு கிடந்தது. அதைப் பிளைவுட்டால் மூடி, மேலே செம்மண்ணும் கூழாங்கல்லும் மாட்டுக் குளம்படியும் தன் கையாலேயே வரைந்தான். எது தரை எது பலகை என்று ஊர்க்காரர்களுக்கே தெரியவில்லை.

பியூலா அதன் ஓரத்தைச் செருப்பால் அழுத்திப் பார்த்தாள். "இதுல ஆளு நிக்கலாமா?"

"யாரு நிக்கப்போறா? விளக்குக் கம்பத்தோட கட் சொல்லிருவேன்."

குடை பிடிக்க வேண்டிய துணை நடிகைக்கு அன்று காய்ச்சல். உடைகளைப் பார்த்துக்கொண்டிருந்த பியூலாவே சேலையைக் கட்டிக்கொண்டு வந்து நின்றாள்.

"சார், எனக்கு க்ளோசப் உண்டா சார்?"

"முகமே தெரியாது."

"அப்பம் என்னைய விட்டா ஆளு கிடையாது."

யூனிட்டே சிரித்தது. அவன் தன் கொக்குக்கால் நாற்காலியில், சாயாமல், மானிட்டருக்கு முன்னால் உட்கார்ந்து ஆக்‌ஷன் சொன்னான்.

மஞ்சள் குடை நடந்தது. அது போகப் போக மழை அதை மூடிக்கொண்டு வந்தது, சுவர்களின் காவியும் ஓடுகளின் கருப்பும் ஒன்றையொன்று தொட்டுக் கரைந்தன, மரத்துக்குள்ளே இருப்பதாக எத்தனையோ வருஷத்துக்கு முன்னால் அவன் நினைத்த கோடு அந்தச் சின்னக் கண்ணாடிச் சதுரத்துக்குள் தானாகவே வெளியே வந்தது. குடை விளக்குக் கம்பத்தைத் தாண்டியது. அவன் வாய் திறந்துதான் இருந்தது, சொல் வரவில்லை. ஷூட்டிங் நடக்கிற இடத்தில் வீடே பற்றி எரிந்தாலும் டைரக்டரைத் தவிர வேறு யாரும் கட் சொல்லக் கூடாது, கட் காதில் விழாதவரை நடிக்கிறவர் நிற்கவும் கூடாது. அது சட்டமில்லை, பழக்கம், ஆனால் சட்டத்தை மீறுகிறவர்கள்கூட அதை மீறமாட்டார்கள். எல்லோரும் அவன் முகத்தைப் பார்த்தார்கள். அவன் மானிட்டரைப் பார்த்தான். மஞ்சள் ஒரு பொட்டாகி, இன்னும் சின்னப் பொட்டாகி, இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று அவன் மனசு சொல்லிக்கொண்டிருக்கையில், சட்டகத்தின் நடுவிலேயே கீழ்முகமாக இறங்கி இல்லாமல் போனது.

அவளைக் கிணற்றுக்குள்ளிருந்து எடுத்து, பாளையங்கோட்டையில், அவள் அம்மாவுக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள். அவள் விழுந்த அன்றைக்கு யாரும் கட் சொல்லவில்லை, பேக்கப்பும் சொல்லவில்லை. கேமராவை நிறுத்தியவர் அழுதுகொண்டே நிறுத்தினார். ஆகவே மழை தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது.

முதல் வாரம் தெருக்காரர்கள் துக்கத்துக்கு மரியாதையாக மழையைப் பற்றிப் பேசவில்லை. இரண்டாவது வாரம் ஒருத்தி கூரைத் தண்ணீருக்குக் குடத்தை வைத்தாள். பிறகு எல்லோரும் வைத்தார்கள். நகராட்சிக் குழாயில் பத்து நாளைக்கு ஒருமுறை தண்ணீர் வருகிற ஊரில் ஒரு தெருவுக்கு மட்டும் வானம் திறந்தே கிடந்தால் என்ன நடக்குமோ அதெல்லாம் நடந்தது. அந்தத் தெருப் பையன்களுக்குப் பெண் கொடுக்கப் போட்டி வந்தது. வீடுகளுக்கு இடையில் தார்ப்பாய்களும் தகரங்களும் கட்டி, தெருவின் குறுக்கே நனையாமல் போக வழி செய்தார்கள். துணி காயப்போட மேலத்தெருவில் கொடி, பதிலுக்கு மேலத்தெருவுக்கு நாலு குடம் தண்ணீர் என்று ஏற்பாடானது. தவளைகள் வந்தன, எங்கிருந்து வந்தன என்று தவளைகளைத்தான் கேட்க வேண்டும். கோடியிலிருந்த வறண்ட கிணறு நிரம்பி, கையால் அள்ளும் உயரத்துக்கு வந்து நின்றது. அதில் தண்ணீர் எடுக்கும்போது பெண்கள் செருப்பைக் கழற்றிவிட்டு எடுத்தார்கள். நாயகம் விட்டுப்போன நாற்காலியை யாரும் உள்ளே எடுத்துப்போகவில்லை. அது மானிட்டர் இருந்த இடத்திலேயே ஒரு தகரக் கூரைக்குக் கீழே இருந்தது, நாய்கூட அதில் ஏறவில்லை.

நஷ்டப்பட்டவள் செண்பகவல்லி ஒருத்திதான். காராச்சேவு போடுகிறவள். ஈரத்தில் சேவு எடுத்த கையோடு நமுத்துப்போனது. அவள் அடுப்பைத் தூக்கிக்கொண்டு வெயில் அடிக்கிற அடுத்த தெருவுக்குப் போனாள். "என் வீட்டுல உக்காந்து நறுக்குனு ஒரு சேவு தின்ன முடியல. அதுக்கும் ஒரு யோகம் வேணும்போல" என்பாள்.

அந்த வருஷம் கார்த்திகையில், விளக்கு வைக்கிற நேரத்துக்கு, தெருவின் தலைமாட்டிலிருந்து மஞ்சள் குடை நடந்து வந்தது.

யாரும் அலறவில்லை. சைக்கிளில் வந்தவர் மணியடித்து ஒதுங்கிப்போனார். மறுநாளும் வந்தது. குடை விளக்குக் கம்பம் வரைக்கும் வந்து நிற்கும், திரும்பும், அந்தக் காலி நாற்காலியைப் பார்த்து, "ஷாட் ஓகேவா சார்?" என்று கேட்கும். கொஞ்ச நேரம் காத்திருக்கும். பதில் வராது. "சரி, ஒன் மோர்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு தலைமாட்டுக்குப் போய், மறுபடி நடந்து வரும். இருட்டும்வரை இப்படியே. பாளையங்கோட்டையில் கல்லறையும் இருக்கிறது, இங்கே இவளும் நடக்கிறாளே என்று தெருவில் ஒருவரும் கேட்கவில்லை. இரண்டு வீடு வைத்திருக்கிறவர்கள் ஊரில் இல்லையா என்ன. செண்பகவல்லி ஒரு டம்ளரில் காப்பியை எடுத்துக்கொண்டு போய் நீட்டினாள்.

"டேக் முடியட்டும்க்கா. இப்பம் குடிச்சா கன்டினியூட்டி போயிரும்."

பாவம் பிள்ளை, யாராவது ஓகே சொல்லி அனுப்புவோம் என்று முதலில் முயற்சி செய்யத்தான் செய்தார்கள். கவுன்சிலர் பால்த்துரை வெள்ளை வேட்டியோடு விளக்குக் கம்பத்தடியில் நின்று, கட்சி மைக்கில், "கட்! கட்! ஓகே!" என்று மூன்று தெருவுக்குக் கேட்கும்படி சொன்னார். அவள் குடையை லேசாக உயர்த்திச் சிரித்தாள். "அண்ணாச்சி, நீங்க சொன்னா ஆகாது. டைரக்டர் சொல்லணும்."

டைரக்டருக்குச் சொல்லி அனுப்பலாமா என்ற பேச்சு ஒருமுறை வந்தது. வந்து கட் சொல்லிவிட்டால் என்ன ஆகும் என்று ஒருவர் கேட்டார். எல்லோரும் தங்கள் குடங்களைப் பார்த்தார்கள். அதோடு அந்தப் பேச்சு அடங்கியது.

நாயகம் அந்தப் பக்கம் வரவே இல்லை. அவன் படம் வெளியாகி, அந்தக் குடை நடக்கிற காட்சியை ஜனங்கள் மூச்சு விடாமல் பார்த்தார்கள். அவனை மேடையில் ஏற்றி அந்தக் காட்சியை எப்படி எடுத்தீர்கள் என்று கேட்டபோது, அவன் மைக்கைப் பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்துவிட்டு இறங்கிவிட்டான். அடுத்தடுத்துப் படங்கள் எடுத்தான், பெரிய டைரக்டர் ஆனான், ஆனால் ஒன்றையும் முடிக்கத் தெரியவில்லை. எடிட்டர்கள் சொல்லாமல் கொள்ளாமல் ஓடினார்கள். ரிலீஸ் ஆன படத்தைத் திரும்ப வாங்கிவந்து வெட்டி ஒட்டினான். ராத்திரி பூராவும் எடிட்டிங் அறையில் உட்கார்ந்திருப்பான், போதும் என்று ஒரு குரல் கேட்டால் எழுந்துவிடலாம் என்பதுபோல. ஒரு தெருவில் மழை நிற்காமல் பெய்கிறதாமே என்று யாராவது ஆரம்பித்தால் சிகரெட் வாங்கப் போய்விடுவான்.

இப்படி வருஷங்கள் போன பிறகு ஒரு மாசியில் அவனுக்குப் போன் வந்தது.

"சார், நான் வெள்ளையாபுரத்துலருந்து செண்பகவல்லி பேசுதேன். சேவு போடுறவ. உங்க யூனிட்டுக்கு அன்னைக்கு நான்தான் சேவு குடுத்தேன், உங்களுக்கு ஞாபகம் இருக்காது. உங்க வீட்டம்மா இங்கதான் இருக்கு."

அவன் போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டான்.

"சாயங்காலமானா நடக்கும். உங்களத்தான் கேக்கும். நாங்க இத்தன வருஷமா சொல்லல. தண்ணி போயிரும்னு சொல்லல. வையுறதுன்னா வையுங்க. ஆனா போன வாரத்துலருந்து அதுக்கு இருமல் வந்திருச்சு சார். செத்த பிள்ளைக்கு இருமல் வருமான்னு கேக்காதீங்க. வருது. நனைஞ்சுக்கிட்டே இருந்தா யாருக்குத்தான் வராது?"

அவன் மறுநாளே வந்தான். தலை நரைத்து, கண்ணுக்குக் கீழே பை தொங்க, தார்ப்பாய்களுக்குக் கீழே குனிந்து குனிந்து வந்தவனை ஊர் அடையாளம் கண்டுகொண்டது. எல்லா வீட்டுக் கதவும் திறந்திருந்தது. விளக்குக் கம்பத்துக்கு எதிர்மாடியில் ஒரு ஜன்னலறை காலியாக இருந்தது. அதில் போய் உட்கார்ந்தான். விளக்கு வைக்கிற நேரத்துக்கு மஞ்சள் குடை வந்தது.

அதே நடை. இடது காலைக் கொஞ்சம் அழுத்தி வைக்கிற, வேறு யாருக்கும் இல்லாத அந்த நடை. கம்பத்தடியில் நின்று, கீழே இருந்த காலி நாற்காலியைப் பார்த்து, "ஷாட் ஓகேவா சார்?" என்று கேட்டது. அந்தக் குரலைக் கேட்டதும் அவன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டான். சொன்னால் போய்விடுவாள். சொல்லாவிட்டால் நாளைக்கு வருவாள். அவன் சொல்லவில்லை. மறுநாளும் சொல்லவில்லை. மாசி போய்ப் பங்குனி வந்தது. ஜன்னல் ஒரு சதுரம், அதற்குள்ளே மழை, மழைக்குள்ளே மஞ்சள். சென்னையிலிருந்து வந்த போன்களை அவன் எடுப்பதில்லை. தெருக்காரர்கள் பயம் தெளிந்து, முறைவைத்து அவனுக்குச் சோறு அனுப்பினார்கள். வெண்டைக்காய்ப் புளிக்குழம்பும் சுட்ட அப்பளமும் மேலே போய்க்கொண்டிருந்தவரை தண்ணீருக்கு ஆபத்தில்லை என்று எல்லோருக்கும் தெரிந்தது. பால்த்துரை, "டைரக்டர் சாருக்கு இந்த ஊரிலேயே ஒரு வீடு பாத்துருவோம்" என்றுகூடச் சொன்னார்.

செண்பகவல்லிதான் ஒரு நாள் படியேறி வந்தாள். கையில் சோறு இல்லை.

"உங்களக் கூப்பிட்டது சன்னல்ல உக்காந்து படம் பாக்கவா?"

"நான் சொன்னா அவ போயிருவாக்கா."

"போவா. இருந்து என்ன செய்றா? பசிச்சுத் திங்கல, உக்காரல, உறங்கல. நடக்கா, உங்களக் கேக்கா, இருமுதா. நாங்களாவது தண்ணிக்காக வாயப் பொத்துனோம், குடிக்கிற தண்ணி. நீங்க எதுக்காகப் பொத்துதீங்க, அழகா இருக்குன்னா?"

அவன் முகத்தை மூடிக்கொண்டான். அவள் வாசற்படியிலேயே உட்கார்ந்தாள்.

"தம்பி, அன்னைக்கு நானும் அங்கதான் நின்னேன். கம்பத்தத் தாண்டிப் போகுதே, கத்துவோமான்னு நெனச்சேன். சினிமாக்காரங்க வைவாங்களேன்னு கத்தல. அத நெனச்சுத்தான் போன் போட்டேன். இன்னைக்கும் நீங்க சும்மா இருந்தா நான் யாருக்குப் போன் போட?"

அன்று சாயங்காலம் அவன் கீழே இறங்கி வந்தான். தெருவே வாசல்களில் வந்து நின்றது. சிலர் உள்ளே ஓடி அண்டாவையும் குண்டானையும் கொண்டுவந்து கூரைத் தண்ணீருக்கு வைத்தார்கள். சிலர் வைத்ததை எடுத்துக்கொண்டார்கள், கடைசி நேரத்தில் பிடிக்கக் கூச்சமாக இருந்தது. நாயகம் தன் நாற்காலியில், சாயாமல் உட்கார்ந்தான். ஈரத்தில் ஊறியும் கால்கள் அவனைத் தாங்கின.

குடை நடந்து வந்தது. நடுத்தெருவில் ஒருமுறை நின்று இருமியது, பிறகு நடந்தது. அவன் அதைப் பார்க்காமல் இருக்க முயன்றான், முடியவில்லை, அது அவ்வளவு அழகாக இருந்தது. அழகாக இருக்கட்டும் என்று விட்டுவிட்டு, குடைக்குக் கீழே தெரிந்த பாதங்களைப் பார்த்தான். அவை வெளுத்து, தண்ணீரில் ஊறி, விரல் நுனிகள் சுருங்கியிருந்தன. இத்தனை நாள் ஜன்னலிலிருந்து பாதம் தெரியவில்லை.

விளக்குக் கம்பத்துக்கு இன்னும் இரண்டு எட்டு இருந்தது.

"கட்" என்றான்.

குரல் உடைந்து, கட்டளை மாதிரி இல்லாமல், யாரையோ வீட்டுக்குள் கூப்பிடுகிற மாதிரி இருந்தது. குடை நின்றது. மெல்ல உயர்ந்தது. அந்தப் படத்தில் யாருமே பார்க்காத முகம், அவனைவிட எவ்வளவோ சின்னப் பெண்ணாகிவிட்ட முகம், அவனைப் பார்த்தது.

"ஷாட் ஓகேவா சார்?"

"ஓகே" என்றான். "போதும் பியூலா."

"ஏல" என்றாள் அவள், ஆச்சரியமாக. "நீயா சொல்லுத?"

அவன் தலையை ஆட்டினான்.

"அப்பாடா. குளிருதுல" என்றாள். குடையை மடக்கி, ஒரு உதறு உதறினாள். அந்த உதறலில் விழுந்த துளிகள்தான் அந்தத் தெருவின் கடைசி மழை.

அவள் நின்ற இடத்தில் யாரும் இல்லை. இருட்டில் ஓடுகளிலிருந்து கொஞ்ச நேரம் சொட்டிக்கொண்டிருந்தது. பிறகு அதுவும் நின்றது. இத்தனை வருஷமாக மழைக்கு மேலே கத்திப் பேசிப் பழகியவர்கள், இப்போது ஒருவரையொருவர் என்ன சத்தத்தில் கூப்பிடுவது என்று தெரியாமல் நின்றார்கள். கிணற்றில் தண்ணீர் கையெட்டும் உயரத்தில் இருந்தது, அது எத்தனை காலத்துக்கு வரும் என்று யாரும் வாய்விட்டுக் கணக்குப் போடவில்லை. ஒரு வீட்டில் அழுகைச் சத்தம் கேட்டது. அவனை யாரும் வையவும் இல்லை, சாப்பிடக் கூப்பிடவும் இல்லை.

காலையில் வெயில் தெருவுக்குள் வந்து, எங்கே உட்காருவது என்று தெரியாத விருந்தாளி மாதிரி நின்றது. நாயகம் யாரையும் கேட்காமல் ஒரு ஏணியை எடுத்துச் சாத்தி, வீட்டுக்கு வீடு கட்டியிருந்த தார்ப்பாய்களைப் பிரிக்கத் தொடங்கினான். கயிறுகள் ஊறி முடிச்சுகள் கல்லாகியிருந்தன. கீழே நின்ற ஒருவர் அரிவாளை நீட்டினார். அவன் வேண்டாம் என்றான். நகங்கள் வலிக்க வலிக்க ஒவ்வொன்றாக அவிழ்த்தான். அவிழ்த்ததை மடித்து அந்தந்த வீட்டு வாசலில் வைத்தான். மத்தியானத்துக்குள் தெருவுக்கு மேலே வெறும் வானம் மட்டும் இருந்தது.

செண்பகவல்லி அடுப்பைத் தூக்கிக்கொண்டு வந்து தன் வாசலில் போட்டாள். முதல் சட்டிக் காராச்சேவை ஒரு தாளில் அள்ளி, அவன் ஏணிப்படியில் வைத்துவிட்டு, போய் எண்ணெய்க்கு முன்னால் உட்கார்ந்துகொண்டாள். அவன் ஒன்றை எடுத்து வாயில் போட்டான். மழையில்லாத அந்தத் தெருவில் அந்த 'நறுக்' என்ற சத்தம் கிணற்றடி வரைக்கும் கேட்டது. அங்கே தண்ணீர் எடுத்துக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து பார்த்துவிட்டு, ஒரு விரற்கடை இறங்கியிருந்த தண்ணீருக்குள் குடத்தைக் கொஞ்சம் ஆழமாக இறக்கினார்கள்.